மாராயி வாயிலிருந்த சொல்

இன்னும் கொஞ்சம் நெருங்கி உட்காருங்கள். இந்தக் கதையில் ஒரு சொல் வருகிறது, அதை உரக்கச் சொல்ல எனக்கு வாய் வராது. தெருவில் போகிறவன் எவனாவது எங்கள் கல்லுக்குழி ஆளாக இருந்து அவன் காதில் விழுந்துவிட்டால் கையில் இருப்பதைப் போட்டுவிட்டு ஓடுவான். அதனால் காதோடு காதாக ஒருமுறை சொல்லிவிடுகிறேன். பொக்கு. அவ்வளவுதான். பாறைக்குச் சொல்கிற சொல். தலைக்கு மேலே கூரை மாதிரி நீட்டிக்கொண்டிருக்கிற பாறை, பார்வைக்கு ஒரு குறையும் இருக்காது, யானை ஏறி நின்றாலும் தாங்கும் என்று தோன்றும். ஆனால் உள்ளே, வெங்காயத்தில் ஒரு தோல் அடுத்த தோலை விட்டுப் பிரிகிற மாதிரி, வெளி ஏடு தாய்ப்பாறையை விட்டுப் பிரிந்திருக்கும். நடுவில் வெறும் காற்று. கம்பியால் தட்டினால் கணீர் என்னாமல் வேறு ஒன்று கேட்கும். அப்படிப்பட்ட பாறைக்குத்தான் அந்தச் சொல். இனி மாராயியிடம் போவோம். விடிந்து கொஞ்ச நேரம்தான் ஆகிறது, அவள் குழியில், தலைக்கு மேல் நீட்டிக்கொண்டிருக்கிற பாறைத் தொங்கலுக்குக் கீழே, தட்டுக்கம்பியோடு நின்றுகொண்டிருக்கிறாள்.

முதல் தட்டு கணீரென்று கேட்டது. தொங்கலின் இடது முனை அது. அந்த இடம் எப்போதும் அப்படித்தான், வெண்கலக் குடத்தைச் சுண்டின மாதிரி, எந்த மழைக்கும் எந்த வெயிலுக்கும் மாறாது, அதைத் தட்டும்போதெல்லாம் மாராயிக்குப் பழைய சிநேகிதியைக் கூப்பிட்டு அவளும் உடனே ஏன் என்று கேட்ட மாதிரி இருக்கும். அடுத்த தட்டும் அப்படியே. ஒரு எட்டு நகர்ந்து இன்னொன்று. நல்லது. நடுப்பகுதிக்கு வந்ததும் சத்தத்தில் ஏதோ ஒன்று குறைந்தது, ரசத்தில் உப்புக் குறைகிற மாதிரி, இல்லை என்று சொல்ல முடியாது, இருக்கிறது என்றும் சொல்ல முடியாது. மறுபடி தட்டினாள். ராத்திரி பெய்த மழையில் பாறை முகம் இன்னும் கறுத்து நனைந்திருந்தது, ஈரம் சத்தத்தைக் கொஞ்சம் தின்னும், அது தெரிந்த சங்கதிதான், தின்றது போக மிச்சம் எவ்வளவு கேட்க வேண்டும் என்று அவளுக்குத் தெரியும், அந்த மிச்சம் வரவில்லை. அல்லது வந்ததா. வந்து, வலது காதுக்குள் நுழைய இடமில்லாமல் திரும்பிப் போய்விட்டதா. தலையைத் திருப்பி இடது காதைக் கொடுத்துத் தட்டினாள். இப்போது கேட்ட மாதிரி இருந்தது. ஆனால் இடது காது எப்போதும் கொஞ்சம் தாராளம், எதைக் கேட்டாலும் நல்லது என்று சொல்கிற காது, அவளைப் பெற்றவளைப் போல. வலதுதான் கறார். இத்தனை வருஷமும் வலது தீர்ப்புச் சொல்லும், இடது ஆமாம் போடும். அந்த வலது காது இந்த ஆடி மாசத்திலிருந்து பஞ்சு அடைத்த மாதிரி கிடக்கிறது. யாருக்கும் தெரியாது, சடையனுக்கு மட்டும் ஒரு சந்தேகம். மில்லில் காவல் வேலை பார்த்துவிட்டு வந்து அவளுக்கு வலப்பக்கம் சாப்பிட உட்கார்ந்து அவள் புருஷன் எதையாவது சொல்லுவான், அவள் பாட்டுக்குச் சோற்றைப் பிசைந்துகொண்டிருப்பாள். "ஏ புள்ள, காதுல விழலையா?" "விழற மாதிரி பேசினா விழும்." "அடுத்த வூட்டுக்காரனுக்கு விழுந்து அவன் சிரிக்கறான்." "அப்ப அவங்கூடயே பேசு." சடையன் மோரை ஊற்றிக்கொண்டான். ஆனால் அன்றைக்கு அப்புறம் அவன் இடப்பக்கம் வந்து உட்காருகிறான். அதைப் பார்த்தபோது அவளுக்கு வந்த கோபம், அடேயப்பா, தட்டை நகர்த்திக்கொண்டு எழுந்தே போய்விட்டாள்.

கீழே ஆட்கள் குந்தியிருந்தார்கள், அதுதான் இன்றைக்குக் கோளாறு. முறைப்படி அவள் தட்டி முடிக்கிற வரையில் ஒருத்தரும் தொங்கலுக்குக் கீழே வரக்கூடாது. ஆனால் தேனிப் பக்கத்திலிருந்து திராட்சைப் பந்தலுக்குக் கல்தூண் ஏற்ற லாரி வந்து நேற்றே நிற்கிறது, கொழுந்தன் வையாபுரிதான் மேஸ்திரி, அவன் விடிந்ததும் விடியாததுமாக ஆட்களை உள்ளே விட்டுவிட்டான். தங்காயி ஒரு கல்லின் மேல் சம்மணம் போட்டு வெற்றிலை மடித்துக்கொண்டிருந்தாள், அவளுக்குப் பக்கத்தில் ஆப்பும் உளியும் சுத்தியும், அதற்கப்பால் மற்றவர்கள், எல்லோருடைய முகமும் மாராயியின் முதுகைப் பார்த்துக்கொண்டு. அவர்கள் தலைக்கு நேர் மேலேதான் அந்த நடுப்பகுதி. "நேத்து நீங்கதானே அண்ணி ஆகட்டும்னீங்க," என்று அவள் வந்து நின்றபோதே வையாபுரி சொன்னான், "ஒரு ராத்திரில பாறை வளர்ந்துக்குதா, தேஞ்சுக்குதா?" "ஒரு ராத்திரில உனக்குக் காய்ச்சல் வரலையா? அப்படித்தான்," என்றாள். ஆட்கள் சிரித்தார்கள். அவனும் சிரித்தான். சிரித்தாலும் அவன் கண் லாரிப் பக்கமே இருந்தது. இவனை அவள் அரைஞாண் கயிற்றோடு பார்த்திருக்கிறாள், மூக்கைச் சிந்திவிட்டிருக்கிறாள், இன்றைக்கு அவன் பெயரைச் சொல்லி லாரி வருகிறது, அதில் அவளுக்கும் பெருமைதான், அவன் தலைக்கு மேலே பாறை நிற்க வேண்டும், அவ்வளவுதான். இன்னொரு தட்டு. குறைகிறது. குறைகிறதா. காதை விரலால் குடைந்துவிட்டு இன்னொரு தட்டு.

இதில் ஒரு சங்கடம், உங்களுக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை. தட்டுகிறவள் வாயில் இரண்டே பதில்தான் உண்டு. ஒன்று, ஆகட்டும். இன்னொன்று அந்தச் சொல். மூன்றாவதாக ஒன்று கிடையாது. இருங்கள் பார்க்கிறேன் என்றோ, கொஞ்சம் சந்தேகமாக இருக்கிறது, தள்ளி நில்லுங்கள் என்றோ சொல்ல அவளுக்கு வாய் இல்லை, சொன்னால் அன்றையிலிருந்து ஆட்கள் அவள் முகத்தைப் பார்த்துத் தாங்களே தீர்மானிக்கத் தொடங்கிவிடுவார்கள், ஒருத்தன் நிற்பான், ஒருத்தன் நகர்வான், ஒருத்தி சோற்றுப் பையை எடுக்கத் திரும்பிப் போவாள். இரண்டே பதில் இருப்பதால்தான் கால் யோசிப்பதில்லை. அந்தச் சொல்லையும் கண்ட இடத்தில் புழங்கவிடாமல் ஊர் பொத்திப் பொத்தி வைத்திருக்கிறது. பல்லுப் போன கிழவரை மற்ற ஊரில் எப்படிக் கேலி செய்வார்களோ அப்படி இங்கே செய்ய மாட்டார்கள், பல்லில்லாதவர் என்று நீட்டி முழக்கித்தான் சொல்வார்கள். உள்ளே பருப்பில்லாத நிலக்கடலைக்கு, மணி பிடிக்காத சோளத்துக்கு, தண்ணி வற்றின தேங்காய்க்கு எதற்கும் அது கிடையாது, சாவி என்பார்கள், வெத்து என்பார்கள். தெருச்சண்டையில் அப்பன் ஆத்தாளை இழுத்து எதை வேண்டுமானாலும் பேசலாம், அதைப் பேசக்கூடாது. கேள்வியாகக் கேட்கவும் கூடாது, எப்படி இருக்குது என்றுதான் கேட்க வேண்டும். விழுந்து கிடக்கிற பாறையைக் காட்டி இது அப்படி இருந்தது என்று சொல்வதும் இல்லை, விழுந்த பிறகு அது வெறும் கல், ஜல்லிக்குப் போகும். இன்னும் விழாத பாறைக்கு, இப்போதே, ஒரே ஒரு தடவை, இழுக்காமல் கூவாமல் சொல்கிற சொல். சொன்னவள் கடைசி ஆளாகத்தான் வெளியே வர வேண்டும். அதுவும் முறை. பெட்டியும் பூட்டும் இல்லாத வீடுகள்தான் அங்கே எல்லாம். ஆனாலும் பூட்டி வைக்கிற பொருள் ஒன்று ஊருக்கு இருந்தது என்றால் அது இதுதான், அதன் சாவி மாராயி வாயில்.

அவள் வாய்க்கு அது எப்படி வந்தது என்பதை நினைத்தால் இப்போதும் உதட்டோரம் சிரிப்பு வரும், இந்தப் பயத்துக்கு நடுவிலும் வந்தது. அவள் காவிரிக்கரைப் பெண், மோகனூர்ப் பக்கம், நெல் விளைகிற பூமி. கல்யாணமாகி வந்த புதிதில், மஞ்சள் கயிறு இன்னும் வெளுக்கவில்லை, அம்மா வீட்டுச் சீராக வந்த நெல்லைக் குழிக்கு மேலே உள்ள களத்தில் கொட்டிப் புடைத்துக்கொண்டிருந்தாள். பாதிக்கு மேல் பதர். அவள் ஊரில் பதருக்கு அந்தப் பெயர்தான், யாரும் அவளிடம் சொல்லி வைக்கவில்லை, சொல்ல வேண்டும் என்று தோன்றியிருக்காது, மீனுக்கு யார் தண்ணியைப் பற்றிச் சொல்வார்கள். முறத்தை ஒரு உதறு உதறிவிட்டுத் தனக்குத் தானே சொல்கிற மாதிரி, ஆனால் அவள் ஊர்த் தொண்டையில், ஆற்றுக்கு இந்தக் கரையில் இருந்து அந்தக் கரைக்குப் பேசிப் பழகின தொண்டையில், அந்தச் சொல்லைச் சொன்னாள். கீழே குழியில் சுத்திச் சத்தம் நின்றது. அப்புறம் காலடிச் சத்தம். எட்டிப் பார்க்கிறாள், ஆணும் பெண்ணும் போட்டது போட்டபடி ஓடுகிறார்கள், ஒருத்தி தலையில் கல்லுச் சும்மாட்டோடு ஓடுகிறாள், சடையன் ஒரு செருப்போடு ஓடுகிறான், மாமனார் கருப்பண்ணன், அப்போது தட்டுகிறவர் அவர்தான், கம்பியோடு கடைசியாக நின்று இவளை நிமிர்ந்து பார்க்கிறார். புதுப்பெண் முறத்தோடு நிற்கிறாள். என்ன நடந்தது என்று தெரிந்ததும் ஊரே சிரித்தது, அவள் மட்டும் மூன்று வேளை சாப்பிடவில்லை. ஆனால் மாமனார் சிரிக்கவில்லை. அவருக்குத் தொண்டை கட்டிக்கொண்டு போய் நாளாகியிருந்தது, கம்ப்ரசர் ஓடுகிற குழியில் அவர் சொல்வது பக்கத்து ஆளுக்கே எட்டுவதில்லை, அந்தக் கவலை அவரை அரித்துக்கொண்டிருந்தது. "அவ சொன்னா கால் தானா ஓடுது," என்றார் சடையனிடம், "எனக்கே ஓடுச்சு. நின்னது நான் நிக்கணும்னுதான்." அப்படித்தான் கம்பி அவள் கைக்கு வந்தது. காதுக்காக இல்லை, வாய்க்காக. காது அப்புறம் வந்தது, கம்பியோடு சேர்ந்து நடந்து நடந்து, கன்றுக்குட்டி பின்னால் வருகிற மாதிரி. இப்போது காது போகிறது, வாய் நிற்கிறது. வாய் மட்டும் வைத்துக்கொண்டு என்ன செய்ய.

பேசாமல் சொல்லிவிடலாம். நாக்கு நுனி வரை வந்துவிட்டது. சந்தேகம் என்றால் சொல்லிவிடு, உயிர் பெரிசா சொல் பெரிசா, லாரிக்காரன் திட்டுவான், வையாபுரி முகத்தைத் தூக்கிக்கொள்வான், போகட்டும். ஆனால் மலைக்கு அந்தப் பக்கத்துக் குழி ஞாபகத்துக்கு வந்து நாக்கைப் பிடித்தது. அங்கே தட்டினவர் நல்ல மனுஷர், பயந்த மனுஷர். மழை பெய்தால் சொல்லிவிடுவார், பனி கூடினால் சொல்லிவிடுவார், தன் மகன் கீழே நிற்கிற அன்றைக்கு எப்படியும் சொல்லிவிடுவார். முதலில் ஓடினார்கள். பிறகு வேகமாக நடந்தார்கள். பிறகு டீயைக் குடித்து முடித்துவிட்டு, சோற்றுப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, இவருக்கு வேறு வேலை இல்லை என்று பேசிக்கொண்டே வெளியே வந்தார்கள். அந்தக் குழி இப்போது கிடையாது, தண்ணி நிற்கிறது. பாறை விழுந்து ஆட்கள் செத்த அன்றைக்கு அவர் சொல்லாமல் விட்டார் என்று யாரும் குறை சொல்ல முடியாது. சொன்னார். சொல்லத்தான் செய்தார். அந்தச் சொல்லில் ஒன்றும் மிச்சமில்லை, அவ்வளவுதான். மாராயி துக்கத்துக்குப் போயிருந்தாள். அந்த மனுஷர் பந்தலுக்கு வெளியே தனியாக உட்கார்ந்து, வந்தவர் போனவர் எல்லோரிடமும், "நான் சொன்னனுங்க, நான் சொன்னனுங்க," என்று சொல்லிக்கொண்டிருந்தார். அந்தக் குரல் அவள் வலது காதில் இருக்கிறது, பஞ்சுக்கும் உள்ளே, வேறு எது கேட்காவிட்டாலும் அது கேட்கும்.

அவள் சொன்னதை விரல்விட்டு எண்ணிவிடலாம். ஒருதரம் கம்ப்ரசர் அடித்துக்கொண்டிருக்கும்போது சொன்னாள், அவள் குரலே அவளுக்குக் கேட்கவில்லை, ஆனாலும் ஓடினார்கள், உதடு அசைந்த தினுசைப் பார்த்து. இன்னொருதரம் கீழ்க்குழியில் சொன்ன பிறகு பாறை விழவே இல்லை. நாள் போகிறது, வாரம் போகிறது, பாறை பாட்டுக்கு நிற்கிறது, அவள் தினமும் போய்ப் பார்ப்பாள், விழுந்து தொலையேன் என்று மனசுக்குள் வைவாள். ஆனால் ஊரில் ஒருத்தர், ஒரே ஒருத்தர்கூட, என்ன மாராயி இன்னும் விழவில்லையே என்று கேட்கவில்லை. அந்தப் பக்கத்தை விட்டுச் சுற்றிக்கொண்டு போனார்கள், ஆடுகளையும் ஓட்டிக்கொண்டு போகவில்லை, குழந்தைகள்கூடப் போகவில்லை. அப்புறம் எல்லோரும் திருவிழாவுக்குப் போயிருந்த ஒரு பகலில் அது தானாக இறங்கிக் கிடந்தது. வந்து பார்த்தவர்கள் அதைப் பற்றியும் ஒன்றும் சொல்லவில்லை. அந்த ஒன்றும் சொல்லாததை நினைத்தால் அவளுக்கு இப்போதும் நெஞ்சு நிமிரும். நகை போட்ட பெருமை, மகன் மெட்ராசில் வேலை பார்க்கிற பெருமை எல்லாம் அவளுக்கு உண்டு, இல்லாமல் இல்லை, ஆனால் இது வேறு. ஒரு ஊர் முழுக்கத் தன் கால்களைக் கழற்றி அவளிடம் கொடுத்து வைத்திருக்கிறது. அதை இன்றைக்கு ஒரு அடைத்த காதை நம்பிச் செலவழிப்பதா. அடைத்த காதை நம்பி ஆகட்டும் என்பதா. பாறையில் குறையா, தன்னில் குறையா. கம்பியைத் தூக்கினாள், இறக்கினாள். தட்டத் தட்டச் சத்தம் ஒரு அர்த்தமும் இல்லாமல் போகிறது, ஒரே பெயரைப் பல தடவை சொன்னால் அது யார் பெயர் என்றே மறந்துபோகிற மாதிரி.

"அண்ணி," என்றான் வையாபுரி. முதல் தடவை கூப்பிட்டதா இரண்டாவதா தெரியவில்லை, தங்காயி சிரிக்கிற சிரிப்பைப் பார்த்தால் இரண்டாவதாக இருக்கும். "எப்படி இருக்குதுங்க?"

"தட்டிக்கிட்டிருக்கறது தெரியலையா?"

"அக்கா இன்னைக்குப் பாறைகூட ரகசியம் பேசறாங்க," என்றாள் தங்காயி. "நம்மளப் பத்தித்தான் இருக்கும்."

"உன்னைப் பத்திப் பேசப் பாறைக்குக் காது கூசும்," என்றாள் மாராயி. வாய் தன் வேலையைச் செய்துகொண்டேயிருந்தது, அது ஒன்றுக்கும் அசையாத வாய். சிரித்தார்கள். ஒருத்தன் உளியை எடுத்து உள்ளங்கையில் தட்டிக்கொண்டான். இன்னொருத்தன் எழுந்து நின்று, அவள் இன்னும் ஆகட்டும் சொல்லவில்லை, ஆனாலும் எழுந்து நின்று, சுத்தியைத் தோளில் வைத்தான். அவள் வாய் திறக்குமுன்னே எழுகிறான். இது எப்போது தொடங்கியது. நேற்றா, போன வாரமா, இல்லை ஆடியிலிருந்தேவா. விரல் தன்னையறியாமல் வலது காதைத் தேடிப் போய் கம்மலைப் பிடித்துத் திருகிக்கொண்டிருந்தது, கொஞ்ச நாளாக இந்தப் பழக்கம், திருகினால் காது திறந்துவிடும் என்கிற மாதிரி. திருகாணி சுழன்று சுழன்று தளர்ந்து விரலோடு வந்துவிட்டது. அடுத்தாற்போல் கம்மலும். உள்ளங்கையில் கதகதப்பாக, கடுகளவு கனமாக. சடையன் மில்லில் சேர்ந்த வருஷம் வாங்கிப் போட்டது. அதைக் கைக்குள் மூடிக்கொண்டு ஒரு நொடி நின்றாள். அந்த ஒரு நொடியில் அவள் மனசு ஓடின ஓட்டம், அது அவளுக்கே பின்னால்தான் புரிந்தது.

ஏனென்றால் அங்கே தங்கத்துக்கும் ஒரு முறை இருக்கிறது. குழியில் யாருடைய தங்கமாவது விழுந்தது என்றால், மூக்குத்தியோ தாலிக்குண்டோ எதுவானாலும், அந்தக் கணத்தில் அங்கே நிற்கிற எல்லோரும் வேலையைப் போட்டுவிட்டு வந்து தேட வேண்டும். மேஸ்திரி முதற்கொண்டு. வராமல் நிற்கிறவன் காலடியில்தான் அது கிடக்கிறது என்று ஆகிவிடும், அந்தப் பேச்சு அவன் பேரப்பிள்ளை கல்யாணம் வரைக்கும் வரும். அதனால் தங்கம் என்றால் ஒருத்தனும் ஒரு கணம்கூட நிற்க மாட்டான்.

"ஐயய்யோ, என் கம்மல்," என்றாள் மாராயி, காதைப் பொத்திக்கொண்டு. "வரும்போது இருந்துச்சே. லாரிகிட்டத் தலைத்துண்டை உதறினேன், அங்கதான் விழுந்திருக்கும்."

உளி கீழே போனது. சுத்தி போனது. வையாபுரி லாரியை ஒரு பார்வை பார்த்தான், பாறையை ஒரு பார்வை பார்த்தான், பல்லைக் கடித்துக்கொண்டு முதல் ஆளாக நடந்தான், மேஸ்திரி பேருக்குத்தான் முதலில் பேச்சு வரும் என்று அவனுக்குத் தெரியும். மற்றவர்களும் வரிசையாகக் குனிந்தபடியே தொங்கலுக்குக் கீழேயிருந்து வெளியே போனார்கள், லாரி நிற்கிற சரளைத் தரைக்கு. தங்காயி மட்டும் திரும்பி வந்தாள், அவள்தான் சாமர்த்தியக்காரி ஆயிற்றே. "அக்கா, மொதல்ல உங்க சேலையை உதறுங்க. எங்க அத்தைக்குக் காணாமப் போன மூக்குத்தி கொசுவத்துலயே இருந்துச்சு. கையை விரிங்க." விரிக்க வேண்டியதாகிவிட்டது. அதற்குள் கம்மலும் திருகாணியும் வாய்க்குள் போய்விட்டன, இருமுகிற மாதிரி கையைக் கொண்டுபோய். தங்காயி மடிப்பு மடிப்பாக உதறிப் பார்த்தாள், ரவிக்கைக் கையைத் தடவினாள், முழங்காலில் உட்கார்ந்து காலடியைத் துழாவினாள். "எப்ப விழுந்துச்சுன்னு ஞாபகம் இருக்குங்களா?" மாராயி இல்லை என்று தலையாட்டினாள். "ஏன் பேச மாட்டேங்கறீங்க, அழுகையா வருதா? விடுங்கக்கா, கிடைச்சிரும்." அவள் கண்ணைத் துடைத்துவிடக் கை நீட்டினாள், பாவம், மாராயிக்கு நிஜமாகவே கண் கலங்கியது. தலையாட்டி அவளையும் சரளைப் பக்கம் போகச் சொன்னாள்.

அவள் போகிறாள், மாராயி கன்னத்தில் ஒதுக்கின கம்மலை நாக்கால் இந்தப் பக்கம் தள்ளினாள், அது கடைவாய்ப் பல்லில் ஒரு தட்டுத் தட்டியது. டிக். அவள் நின்றாள். மறுபடி நாக்கால் தள்ளினாள். டிக். வலது பக்கம். வலது காதில். ஆடியிலிருந்து சடையன் பேச்சு நுழையாத, சேவல் கூவினது நுழையாத, இத்தனை நேரம் இரும்பும் கல்லும் மோதினது நுழையாத காதில் ஒரு கடுகளவு தங்கம் பல்லில் பட்ட சத்தம் மணியடித்த மாதிரி கேட்கிறது, இடது காதில் கேட்பதைவிடத் துல்லியமாக. வாசல் கதவுதான் அடைத்துக் கிடக்கிறது. உள்ளே ஆள் இருக்கிறது. விழித்துக்கொண்டு, பழைய கறாரோடு, யாராவது கொல்லை வழியாக வந்து கூப்பிட மாட்டார்களா என்று காத்துக்கொண்டு.

கம்மலையும் திருகாணியையும் துப்பி முந்தானை நுனியில் முடிந்தாள். சரளைப் பக்கம் எல்லோரும் முதுகைக் காட்டிக் குனிந்திருந்தார்கள், வரிசை போட்டு, லாரிக்காரனும் கீழே இறங்கிச் சக்கரத்தடியில் பார்த்துக்கொண்டிருந்தான். மாராயி கீழே கிடந்த சுத்தியை வலது கையில் எடுத்துக்கொண்டு, தட்டுக்கம்பியின் ஒரு நுனியைத் தொங்கலின் இடது முனையில் ஊன்றினாள். மறுமுனையை வாய்க்குக் கொண்டுவந்து பல்லில் கடித்தாள். துருவும் மழைத்தண்ணியும் சேர்ந்த ருசி. இத்தனை வருஷம் கையில் இருந்த கம்பியின் ருசி இப்போதுதான் தெரிகிறது, கொஞ்சம் ரத்தம் மாதிரி இருக்கிறது. இடது கையால் கம்பியைத் தாங்கிக்கொண்டு, சுத்தியால் முதலில் அந்த இடது முனையைத் தட்டினாள், பழைய சிநேகிதியை. மெதுவாகத்தான் தட்டினாள், ஆனாலும் மண்டைக்குள் முழுக் குடம் ஒன்று கணகணவென்று அதிர்ந்து அடங்கியது. வலது காது சொன்னது, நல்லது. பயமே போய்விட்டது. கம்பியை நடுப்பகுதிக்கு, அந்த ஈரமான கறுத்த இடத்துக்கு மாற்றி ஊன்றி, அதே கையால் அங்கே ஒரு தட்டு.

தாடையில் இறங்கியது, பல்லில் இறங்கியது, காதுக்குப் பின்னால் உள்ள எலும்பில் வந்து உட்கார்ந்தது. பூட்டிக்கொண்டு ஊருக்குப் போய்விட்டவர்கள் வீட்டுக் கதவைத் தட்டினால் உள்ளே ஒரு சத்தம் சுற்றிவருமே, தட்டினவனுக்கே திரும்பக் கேட்குமே, அது. சத்தத்துக்குப் பின்னால் ஒரு சின்ன நடுக்கம், தாய்ப்பாறையைத் தொடாமல், தானாகத் தனியாக. இரண்டாவது தட்டுக்கு அவள் கை போகவில்லை. வேண்டியதில்லை. ஈரமும் இல்லை, வயசும் இல்லை, அடைப்பும் இல்லை, குறை பாறையில். கம்பியைப் பல்லிலிருந்து எடுத்து, மெல்ல, தூங்குகிற குழந்தையின் தலைக்கடியிலிருந்து கையை எடுக்கிற மாதிரி எடுத்து, சுத்தியைச் சத்தமில்லாமல் கீழே வைத்தாள்.

கீழே ஒருத்தரும் இல்லை. எல்லோரும் எட்டத்தில்தான் இருக்கிறார்கள், உயிருக்கு ஒன்றும் இல்லை. அப்படியே போய்க் கம்மல் கிடைத்தது என்று சொல்லி, இன்றைக்கு வேறு பக்கம் பாருங்கள் என்று எதையாவது சாக்குச் சொல்லிவிடலாம். அந்த நினைப்பு வந்ததும் அவளுக்குச் சிரிப்பு வந்தது. சாக்குச் சொல்லவா இத்தனை வருஷம் அதை வாய்க்குள் வைத்துக் காப்பாற்றினாள். மூச்சை இழுத்தாள். இடுப்பில் சுற்றியிருந்த சேலைத் தலைப்பைச் சரிசெய்தாள். அந்தக் குனிந்த முதுகுகளைப் பார்த்து, காவிரிக்கரைத் தொண்டையில், இழுக்காமல் கூவாமல் ஒரே தடவை சொன்னாள்.

அவர்கள் நிற்கிற இடத்துக்கும் தொங்கலுக்கும் நடுவில் ஒரு லாரி நிற்கிறது, ஓட வேண்டிய அவசியமே இல்லை. ஆனால் கால் யாரைக் கேட்டது. வையாபுரி ஓடினான், கையில் ஒரு பிடி சரளையோடு ஓடினான். தங்காயி வெற்றிலையைத் துப்பக்கூட நிற்காமல் ஓடினாள். உளியைக் கையில் தட்டினவனும், சொல்லுமுன்னே எழுந்து நின்றவனும், எல்லோரும் தார் ரோடு வரைக்கும் ஓடினார்கள். எதற்கென்று தெரியாமல் தேனி லாரிக்காரனும் பின்னாலேயே ஓடினான். ரோட்டில் போய் மூச்சிரைக்க நின்று திரும்பிப் பார்த்தபோது, மாராயி கம்பியைத் தோளில் சாய்த்துக்கொண்டு, அவசரமே இல்லாமல், கடைசி ஆளாக வெளியே வந்துகொண்டிருந்தாள். லாரிக்குப் பக்கத்தில் வந்ததும் நின்று முந்தானை முடிச்சை அவிழ்த்தாள். கம்மலைச் சேலையில் துடைத்தாள், வலது காதில் போட்டாள், அத்தனை பேரும் பார்த்துக்கொண்டிருக்க, திருகாணியை நிதானமாக இறுக்கினாள்.